மிதி, பிடி, விடு

அந்தச் சத்தம் முதலில் ஏறியது மகளின் பல்லில்தான். அம்மாவின் கார் தெருமுனையில் திரும்பும்போதே, அடுப்படியில் நின்றிருந்தவள் கரண்டியைக் கீழே வைத்துவிட்டுக் கன்னத்தைப் பிடித்துக்கொண்டாள். தகரத்தில் ஆணியால் கீறியது போல ஒரு கீச்சு. வண்டி வாசலில் வந்து நின்று இஞ்சின் அணைந்த பிறகும் அது காதை விட்டுப் போகவில்லை.

"பிரேக் தேய்ஞ்சு போச்சு," என்றாள், அம்மா செருப்பைக் கழற்றுவதற்குள். "உனக்குக் கேக்குதா இல்லையா?"

"கேக்காம என்ன? நான் போற வீட்டுல எல்லாம் சத்தத்தக் கேட்டதும் கதவத் திறந்து வச்சிடறாங்க. காலிங் பெல் அடிக்கிற வேலை மிச்சம்."

"விளையாடாத."

மகள் விளையாடுகிற மனநிலையில் இல்லை. அவளுக்கு இன்சூரன்ஸ் ஆபீசில் வேலை. காலையிலிருந்து சாயங்காலம் வரை, நசுங்கிய கார்களின் படங்களைப் பார்த்துப் பார்த்து, எதனால் நசுங்கியது என்று எழுத வேண்டும். அப்படிப்பட்டவளுக்கு உலகத்தில் நசுங்காமல் ஓடுகிற வண்டி என்று ஒன்று இருப்பதே கொஞ்சம் கொஞ்சமாக மறந்துகொண்டு வந்தது. அம்மாவுக்கு வயது அறுபத்து மூன்று. ஆஸ்பத்திரி நர்ஸ் வேலையிலிருந்து ஓய்வு பெற்ற மறுவாரமே, படுத்த படுக்கையாக இருப்பவர்களுக்குப் புண் கட்ட வீடு வீடாகக் கிளம்பியவர். வாரத்துக்கு ஏழு வீடு. எல்லாம் ஊரின் ஏழு மூலைகளில். கையில் மூட்டை போல ஒரு மருந்துப் பை. கார் இல்லையென்றால் ஏழு வீடு ஒரு வீடாகும், பிறகு அதுவும் நின்று போகும்.

"சனிக்கிழமை எனக்கு அரை நாள்," என்று மகள் ஒரே போடாகப் போட்டாள். "ரெண்டு மணிக்கு வருவேன். அதுக்குள்ள பிரேக் சரியாகி இருக்கணும். இல்லன்னா சாவி என் பையில. அதுக்கப்புறம் வண்டி வாசல்ல நிக்கும், அவ்வளவுதான்."

சொல்வது எளிது. பக்கத்து ஒர்க்ஷாப்பின் ஷட்டரில் 'தங்கை திருமணம், பத்து நாள் விடுமுறை' என்று காகிதம் ஒட்டியிருந்தது. அடுத்த ஒர்க்ஷாப் நகரத்தின் அந்தக் கோடி. இந்த பிரேக்கை வைத்துக்கொண்டு அவ்வளவு தூரம் ஓட்டிப்போக மகள் விடமாட்டாள். அம்மா மேஜைமேல் இருந்த சாவியை ஒருமுறை பார்த்தார். பிறகு கை கழுவப் போய்விட்டார்.

அந்தப் பார்வையைப் பார்த்தவர் மகளின் கணவர், அந்த வீட்டு மாப்பிள்ளை ஒருவர்தான்.

"பிரேக் பேட் மட்டும் வாங்கிட்டா…" என்றார் சோபாவிலிருந்து, "வீட்டுலயே மாத்திப் பாக்கற மாதிரி ஒரு வாய்ப்பு இருக்கான்னு…"

அம்மாவும் மகளும் ஒரே நேரத்தில் திரும்பினார்கள்.

"யாரு மாத்தறது?" என்றாள் மனைவி.

"மாத்தறவங்கன்னு பாத்தா…"

"நீயா?"

"அந்த மாதிரி."

மாப்பிள்ளை பேசுவது எப்போதும் இப்படித்தான். பிறவிக் குணம் பாதி, சம்பளத்துக்குக் கற்றது மீதி. அவருக்கு வாட்டர் ஹீட்டர் கம்பெனியில் புகார் போனை எடுக்கிற வேலை. அங்கே மூன்று சொற்களுக்குத் தடை. இல்லை, முடியாது, வேண்டாம். இந்த மூன்றில் ஒன்று வாயிலிருந்து வந்தால் மேலதிகாரி கூப்பிட்டு அனுப்புவார். எனவே வெந்நீர் வராமல் குளிரில் நடுங்கிக்கொண்டு கூப்பிடுபவரிடம், "இன்னிக்கு ஆள் வர்றதப் பொறுத்தவரைக்கும் நாளைக்குக் கண்டிப்பா முயற்சி பண்றோம் சார்" என்று பூசி மெழுகுவார். பதினோரு வருஷப் பூச்சு. மனைவி அவருக்கு வைத்திருக்கும் செல்லப் பெயர் 'லைன்ல இருங்க'.

அவர் அத்தை என்று கூப்பிடும் மாமியாருக்கும் அவருக்கும் நடுவே, கல்யாணமான எட்டு வருஷமாக ஒரு தனித் தமிழ் புழங்கிவந்தது. அதில் நான் கிடையாது, நீங்கள் கிடையாது, ஆளே கிடையாது. "காபி ஆச்சா?" என்பார் அவர். "ஆச்சு, இன்னும் கொஞ்சம் இருக்கு," என்பார் அத்தை. "வெளிய கிளம்பற மாதிரியா?" "ஆமா, வர ரெண்டு மணி ஆகும் போல." யார் கிளம்புகிறார்கள், யார் வருகிறார்கள் என்பதை வினைச்சொல் பார்த்துக்கொள்ளும். தப்பிக்கவே முடியாத இடத்தில் மட்டும், "சாப்பிடுங்க மாப்பிள்ளை" என்று ஒரு 'ங்க' எட்டிப்பார்க்கும். மனஸ்தாபம் ஒன்றும் இல்லை. எல்லாம் மரியாதைதான். இரண்டு வருஷமாக ஒரே கூரையின் கீழ் இருந்தும், விருந்துக்கு எடுத்த கண்ணாடித் தட்டை வைப்பது போல ஒருவரையொருவர் பார்த்துப் பார்த்து வைத்துக்கொண்டார்கள்.

மாப்பிள்ளைக்கு அத்தையை ரொம்பப் பிடிக்கும். அதைச் சொல்வதற்கு அந்தத் தனித் தமிழில் வினைச்சொல் இல்லை. ஒருமுறை அத்தையின் பையைத் தூக்கிக்கொண்டு ஒரு வீட்டுக்குப் போயிருந்தார். இடுப்புக்குக் கீழே அசைவில்லாமல் படுத்திருந்த ஒரு தையல்காரர், அத்தை வருகிற நாளில் மட்டும் முகச்சவரம் செய்துகொள்வாராம். "நர்ஸம்மா வர்றாங்கன்னா அவருக்குத் தெருவுக்குப் போற மாதிரி," என்று அந்த வீட்டுப் பெண் சொன்னாள். அத்தை புண்ணைப் பார்த்து, "பரவாயில்ல, இந்த வாரம் மூடிக்கிட்டு வருது" என்றதும், சவரம் செய்த அந்த முகம் பூரித்ததை மாப்பிள்ளை மறக்கவில்லை. சாவி பைக்குள் போனால் அந்தத் தையல்காரர் எதற்காகச் சவரம் செய்வார் என்பதுதான் வியாழன், வெள்ளி இரண்டு இரவும் அவரைத் தூங்கவிடாத கேள்வி.

சனிக்கிழமை காலை ஒன்பது மணிக்கு வாசல் சிமெண்ட் தரையில் எல்லாம் தயார். முன் சக்கரங்களுக்கான புது பேட் ஒரு பெட்டி. ஜாக்கி. நண்பரிடம் இரவல் வாங்கிய இரண்டு இரும்பு முக்காலிகள். பின் சக்கரங்களுக்கு முட்டுக் கொடுக்க நாலு செங்கல். பிரேக் ஆயில் ஒரு பாட்டில் போதும் என்ற இடத்தில் மூன்று. மாப்பிள்ளை அப்படிப்பட்டவர். வண்டியோடு வந்த புத்தகத்தை மூன்று தடவை படித்து, முக்கியமான இடங்களில் பென்சிலால் கோடு போட்டிருந்தார்.

அத்தை வேலைக்குப் போகிற பருத்திச் சேலையில், மருந்துப் பையோடு வந்து நின்றார்.

"பை எதுக்கு?" என்று கேட்க நினைத்த மாப்பிள்ளை, "பையும் வந்திருக்கு போல," என்றார்.

"பை இல்லாம கை ஓடாது," என்றார் அத்தை.

வலது சக்கரம் ஒழுங்காகவே நடந்தது. வண்டி தரையில் இருக்கும்போதே நட்டுகளைத் தளர்த்தி, ஜாக்கியில் தூக்கி, முக்காலியில் உட்கார வைத்து, சக்கரத்தைக் கழற்றினார். உள்ளே பளபளவென்று இரும்புத் தட்டு. அதைக் கவ்விக்கொண்டிருந்தது கேலிப்பர். அதன் இரண்டு போல்ட்டையும் கழற்றி வெளியே இழுத்ததும், "இது ஆயில் குழாயில தொங்கக்கூடாதுன்னு புத்தகத்துல…" என்று தொடங்கினார். தொடங்கினதுதான். அத்தை பையிலிருந்து அகலமான கட்டுத்துணியை எடுத்து, கேலிப்பரை ஏந்தி, மேலே சுருள் கம்பியில் முடிச்சுப் போட்டுவிட்டார். உடைந்த கைக்குப் போடுகிற அதே தொட்டில். கேலிப்பர் நோயாளி மாதிரி அடக்கமாகத் தொங்கியது.

பழைய பேட் இரண்டும் கையோடு வந்தன. தேய்ந்து பிஸ்கட் கனம்கூட இல்லை. ஒன்றின் ஓரத்தில் சின்னத் தகடு ஒன்று நீட்டிக்கொண்டிருந்தது.

"சத்தம் இதோட வேலைதான்," என்றார் மாப்பிள்ளை. "பேட் தேய்ஞ்சா இந்தத் தகடு தட்டுல உரசிக் கத்தும். கத்தறதுக்குன்னே வச்சிருக்காங்க."

"அப்ப இதுவும் புகார் டிபார்ட்மெண்ட்தான்னு சொல்லுங்க."

மாப்பிள்ளை சிரித்துவிட்டார். அத்தை அவரிடம் நேராக ஒரு கிண்டல் அடித்தது எட்டு வருஷத்தில் இதுவே முதல் தடவையாக இருக்கும். சிரித்த வேகத்தில் ஸ்பேனர் வழுக்கி, வலது கை விரல் முட்டி இரும்பில் இடித்துத் தோல் பெயர்ந்தது. அழுக்குத் துணியை அவசரமாகக் கையில் சுற்றிக்கொண்டார்.

"கையில ஏதோ பட்ட மாதிரி இருக்கே?"

"ஒண்ணும் ஆகாத மாதிரிதான்."

கேலிப்பருக்குள் பேட்டைத் தள்ளுகிற பிஸ்டனை மெல்ல அழுத்திப் பின்னுக்குத் தள்ளி, புது பேட்டை வைத்து, கேலிப்பரை மாட்டி, போல்ட்டை முறுக்கினார். "இப்ப உள்ள உக்காந்து பிரேக்கை ஒரு பத்து தடவை மிதிச்சா, பேட் தட்டோட ஒட்டிக்கும்," என்றார். அத்தை ஓட்டுநர் இருக்கையில் ஏறி மிதித்தார். ரத்த அழுத்தம் பார்க்கும்போது ரப்பர் பந்தைப் பிசைகிற வேகத்தில் மிதித்தார். மணி பத்தே முக்கால். மாப்பிள்ளைக்கு விசிலடிக்கலாம் போல இருந்தது.

வினை இடது சக்கரத்தில் காத்திருந்தது.

கேலிப்பரைக் கழற்றித் தொட்டிலில் போட்டாகிவிட்டது. பழைய பேட்டை எடுத்தாகிவிட்டது. பேட் தேயத் தேய அதைத் தள்ளிக்கொண்டே வந்த பிஸ்டன் வெளியே முக்கால்வாசி நீட்டிக்கொண்டிருந்தது. அதைப் பின்னுக்குத் தள்ளுவதற்கு முன் துடைக்கலாம் என்று மாப்பிள்ளை தலையைச் சக்கரப் பள்ளத்துக்குள் விட்டிருந்தார். அத்தையோ இன்னும் இருக்கையில்தான். வலது பக்கம் மிதித்த கால் சும்மா இருக்குமா?

"மாப்பிள்ளை, மிதிக்கணுமா?"

அந்த நேரத்தில் சொல்ல வேண்டியது ஒரே ஒரு சொல். வேண்டாம். ஆனால் பதினோரு வருஷமாக அந்தச் சொல்லை அவர் வாய் தொட்டதில்லை. கேட்பதோ அத்தை. வாய் தன் பழக்கத்துக்குக் கிளம்பியது.

"மிதிக்கிறதப் பொறுத்தவரைக்கும் இப்போதைக்கு கொஞ்சம்…"

அத்தை நாற்பது வருஷம் ஆஸ்பத்திரியில் ஓடியவர். அங்கே டாக்டர் முதல் சொல்லைச் சொல்லி வாய் மூடுவதற்குள் வேலை முடிந்திருக்க வேண்டும். அவர் காதில் விழுந்தது 'மிதிக்கிற' மட்டும்தான். ஒன்று. இரண்டு. மூன்று.

டப்.

பிஸ்டன் துள்ளி மாப்பிள்ளையின் மடியில் வந்து விழுந்தது. கூடவே பிரேக் ஆயில், சட்டை, கழுத்து, தரை என்று தாராளமாகக் கொட்டியது.

"…பொறுத்துக்கிட்டா நல்லா இருக்கும்," என்று வாக்கியத்தை முடித்தார் மாப்பிள்ளை. பாதியில் விட்டுப் பழக்கமில்லை.

அத்தை இறங்கி வந்து பார்த்தார். பார்த்ததும் முகம் சுண்டிப்போயிற்று. "நான்தான் கெடுத்தேன்," என்றார். ஆளில்லாத தமிழில் பேசிய வாயில் முதல் தடவையாக ஒரு 'நான்' வந்தது. அது இப்படியா வர வேண்டும் என்று இருந்தது மாப்பிள்ளைக்கு.

மணி பதினொன்றரை. புத்தகத்தில் இந்த இடத்துக்குக் கோடு போடவில்லை. ஏனென்றால் இந்த இடமே புத்தகத்தில் இல்லை. பிஸ்டனைக் கையில் வைத்துக்கொண்டு மாப்பிள்ளை தரையிலேயே உட்கார்ந்திருந்தார். கீச்சென்று கத்தினாலும் காலையில் மிதித்தால் நிற்கிற வண்டியாகவாவது இருந்தது. இப்போது அதுவும் இல்லை. இரண்டு மணிக்கு வருகிறவள் ஒன்றும் சொல்லமாட்டாள். பையின் ஜிப்பைத் திறந்து சாவியைப் போட்டு மூடுவாள். அத்தை வாசல் நாற்காலியில் உட்கார்ந்து தெருவைப் பார்த்துக்கொண்டிருப்பார். இந்த வீட்டில் அவருக்கு அந்த நாற்காலியைப் போட்டவன் நானாகத்தான் இருப்பேன் என்று நினைத்தார்.

"ரப்பர் கிழிஞ்சிருக்கா?" என்றது குரல்.

நிமிர்ந்தார். அத்தை கையுறை மாட்டிக்கொண்டிருந்தார். முகம் தெளிந்து, எப்போதும் புண்ணைப் பார்க்கப் போகிற முகமாகிவிட்டது.

"சிரிஞ்சுல இருக்கற மாதிரி உள்ள ஒரு ரப்பர் வளையம் இருக்குமே, அது கிழிஞ்சிருக்கான்னு பாருங்க. கிழியலன்னா திரும்ப உள்ள போடலாம். இதுல என்ன இருக்கு? வெளிய வந்தது உள்ள போகணும், சுத்தமாப் போகணும், நேராப் போகணும். அவ்வளவுதானே?"

வளையம் கிழியவில்லை. அத்தை புது ஆயிலில் பிஸ்டனைக் கழுவினார். பஞ்சுத் துணியால் பள்ளத்தைத் துடைத்து, வெளிச்சத்தில் திருப்பித் திருப்பித் தூசு பார்த்தார். பிறகு நாலு விரல் நுனியில் பிஸ்டனைப் பிடித்து, சாயாமல், கொஞ்சம் திருகி, கொஞ்சம் அழுத்தி, திரும்பக் கொஞ்சம் திருகி உள்ளே இறக்கினார். மாப்பிள்ளை மூச்சு விடாமல் பார்த்துக்கொண்டிருந்தார். பிஸ்டன் தன் வீட்டுக்குப் போகிற மாதிரி உள்ளே போனது.

பேட் மாட்டி, கேலிப்பர் பூட்டியாகிவிட்டது. ஆனால் அத்தை பிரேக்கை மிதித்தபோது கால் பொதுக்கென்று தரை வரை போயிற்று.

"குழாய்க்குள்ள காத்து புகுந்துடுச்சு," என்றார் மாப்பிள்ளை. "ஏர் எடுக்கணும்."

"ஏர் எடுக்கறதா? ஊசி போடறதுக்கு முன்னாடி தினம் அதத்தானே செய்யறேன்."

பையிலிருந்து குளுக்கோஸ் ஏற்றுகிற மெல்லிய குழாய் ஒன்று, உறை பிரிக்காதது, வந்தது. அதன் ஒரு நுனியைக் கேலிப்பரின் பின்னால் இருக்கும் சின்னத் திருகு மூக்கில் மாட்டி, மறு நுனியைப் பாட்டிலில் விட்டார்கள். வேலை இதுதான்: உள்ளே இருப்பவர் பிரேக்கை மிதித்து அப்படியே பிடிக்க வேண்டும். வெளியே இருப்பவர் திருகைத் திறக்க வேண்டும். ஆயிலோடு காற்று வெளியேறும். திருகை மூடிய பிறகுதான் காலை எடுக்க வேண்டும். முந்தினால் காற்று மறுபடி உள்ளே போய்விடும்.

அத்தை இருக்கையில் ஏறினார். மாப்பிள்ளை திருகில் ஸ்பேனரை வைத்தார்.

"இப்ப மிதிக்கற மாதிரி இருந்தா…"

"மாப்பிள்ளை!" அத்தை ஜன்னல் வழியாகத் தலையை நீட்டினார். "ஆபரேஷன்ல டாக்டர் என்ன சொல்வார் தெரியுமா? 'கத்திரிக்கோல் குடுக்கற மாதிரி இருந்தா'ன்னு சொல்ல மாட்டார். கத்திரின்னு கைய நீட்டுவார். காலைல நடந்தது போதும். மூணே சொல்லு. மிதி, பிடி, விடு. சொல்லுங்க."

"அத்தைகிட்ட எப்படி அந்த மாதிரி…"

"எந்த மாதிரி?"

"மரியாதை இல்லாம."

"உங்க மரியாதை வாயிலேர்ந்து வர்றதுக்குள்ள காத்து உள்ள போயிடும். சொல்லுங்க."

மாப்பிள்ளை எச்சில் விழுங்கினார். "மிதி…ங்க."

"அந்த 'ங்க'வ டிக்கியில போட்டுட்டு வாங்க."

"மிதி," என்றார் மாப்பிள்ளை. சொன்ன குரல் அவருடையது போலவே இல்லை. எட்டு வருஷ மரியாதை கொட்டிய ஆயிலோடு தரையில் விழுந்து கிடப்பது போல இருந்தது. ஆனால் அத்தையின் கால் சட்டென்று இறங்கியது. "பிடி." திருகைத் திறந்தார். குழாயில் குமிழிகள் முண்டியடித்துக்கொண்டு ஓடின. மூடினார். "விடு."

"குமிழி வந்துச்சா?"

"நிறைய."

"அப்ப நிறுத்தாதீங்க."

மிதி, பிடி, விடு. மிதி, பிடி, விடு. நடுநடுவே எழுந்து போய் பானட்டின் கீழ் ஆயில் குறையாமல் ஊற்றிவிட்டு வந்தார். ஆறாவது தடவையில் நாக்கு கூசவில்லை. பத்தாவது தடவையில் தாளம் பிடித்துவிட்டது. இரண்டு பேரும் ஒரே மூச்சில் வேலை செய்தார்கள். குமிழிகள் கடுகளவு ஆகி, ஊசி முனை அளவு ஆகின. பதினாறாவது தடவை, திருகு இன்னும் மூடவில்லை, அத்தையின் கால் லேசாக எழும்புவது, குழாயில் ஆயில் பின்வாங்கியதில் தெரிந்தது. மாப்பிள்ளை தன்னை மறந்து கத்தினார்:

"பிடின்னா பிடி! நடுவுல விடாத!"

தெரு முழுவதும் கேட்டிருக்கும். மாப்பிள்ளை திருகை மூடிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டார். கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. 

"சரி," என்றது அத்தையின் குரல். பிறகு வண்டி லேசாகக் குலுங்கத் தொடங்கியது. மாப்பிள்ளை பதறி முக்காலியைப் பிடித்தார். முக்காலிக்கு ஒன்றும் இல்லை. அத்தை உள்ளே ஸ்டியரிங்கில் தலையைச் சாய்த்து, சத்தம் வராமல் சிரித்துக்கொண்டிருந்தார்.

மகள் வந்தபோது மணி இரண்டு ஐந்து. சக்கரங்கள் இடத்தில் இருந்தன. ஆயில் பட்ட இடமெல்லாம் கழுவியாகிவிட்டது. கணவரின் சட்டையையும், சேலையில் கறையோடு நின்ற அம்மாவையும் மாறி மாறிப் பார்த்தாள்.  பையைத் தோளிலேயே வைத்துக்கொண்டு முன் இருக்கையில் ஏறினாள்.

"ஓட்டு. பாக்கறேன்."

அத்தை ஓட்டினார். மாப்பிள்ளை பின் இருக்கையில், இரண்டு தொடைக்கும் நடுவே கையை வைத்துக்கொண்டு, பரீட்சைக்கு வந்த பையன் மாதிரி உட்கார்ந்திருந்தார். நாலு தெரு சுற்றினார்கள். மெதுவாகப் போய் மெதுவாக நிறுத்தினார்கள், பத்துப் பன்னிரண்டு தடவை. கீச்சு இல்லை. முனகல்கூட இல்லை.

"இது போதாது," என்றாள் மகள். "அவசரத்துல நிக்குதான்னு தெரியணும். நம்ம தெருக் கோடிக்கு விடு."

தெருக்கோடியில் ஒரு பெரிய சுவர். அதோடு தெரு முடிந்துவிடும். அங்கே ஆளும் இல்லை, வண்டியும் இல்லை. மகள் சட்டம் போட்டாள்: "வேகமாப் போ. நான் நிறுத்துன்னு சொல்வேன். சொன்னப்புறம்தான் கால வைக்கணும். முன்னாடியே மெதுவாப் போய் ஏமாத்தக் கூடாது."

"சரி," என்றார் அத்தை. ஒரு சொல்லுக்காகக் காத்திருப்பது அவருக்குப் பழக்கம்தான்.

வண்டி கிளம்பியது. வேகம் பிடித்தது. வேப்பமரம் போயிற்று, கடைசி வீட்டு கேட் போயிற்று. சுவர் பெரிதாகிக்கொண்டே வந்தது. மகள் சொல்லவில்லை. சுவரில் இருந்த விரிசல் தெரிந்தது. மகள் இன்னும் சொல்லவில்லை. மாப்பிள்ளை எட்டிப் பார்த்தார். அவர் மனைவி, அத்தனை நசுங்கிய கார்களையும் ஒரே நேரத்தில் பார்த்தவள் போல, கண்ணை இறுக மூடி, வாயைக் கையால் பொத்திக்கொண்டிருந்தாள்.

"மிதி!" என்றார் மாப்பிள்ளை.

அத்தை மிதித்தார். மூன்று பேரும் முன்னால் சாய்ந்து, திரும்ப இருக்கையில் விழுந்தார்கள். வண்டி நின்றது. சுவருக்கும் பானட்டுக்கும் நடுவே ஒரு ஆள் தாராளமாக நடந்து போகலாம். சத்தம் இல்லாமல் நின்றதால், நின்றது தெரியாமல் மகள் இன்னும் கண்ணை மூடியே இருந்தாள்.

"கண்ணத் திற," என்றார் அத்தை. "உயிரோடதான் இருக்கோம்."

மகள் ஒரு கண்ணைத் திறந்தாள், பிறகு மற்றதை. "நான் இன்னும் சொல்லவே இல்லையே?" என்றாள். அப்புறம் மெல்லப் பின்னால் திரும்பினாள். "இப்ப யாரு 'மிதி'ன்னது? எங்கம்மாவையா 'மிதி'ன்ன?"

மாப்பிள்ளை இருக்கையில் இன்னும் கொஞ்சம் தாழ்ந்து உட்கார்ந்தார்.

"பிரேக் நல்லா இருக்கா இல்லையா? அத மட்டும் சொல்லு," என்றார் அத்தை.

மகள் சாவியைப் பார்த்தாள். அது ஸ்டியரிங்குக்குப் பக்கத்தில் ஆடிக்கொண்டிருந்தது. தோளிலிருந்த பையை எடுத்துக் காலடியில் வைத்தாள். "உன்கிட்டயே இருக்கட்டும்," என்றாள்.  உடனே சேர்த்துச் சொன்னாள்: "ஆனா இனிமே சத்தம் இல்ல. யாரு கதவத் திறந்து வைப்பாங்க?"

"ஹார்ன் இருக்கு," என்றார் அத்தை. ஒருமுறை அடித்தும் காட்டினார்.

வீட்டு வாசலில் மகள் இறங்கி உள்ளே போனாள். மாப்பிள்ளை ஜாக்கியையும் செங்கல்களையும் பொறுக்கிக்கொண்டிருந்தார். அத்தை மருந்துப் பையை பானட்டின் மேல் வைத்துத் திறந்து, பஞ்சையும் மருந்து பாட்டிலையும் எடுத்தார்.

"கையக் காட்டு," என்றார்.

மாப்பிள்ளை திரும்பிப் பார்த்தார். மனைவி பின்னால் வந்து நிற்கிறாளோ என்று நினைத்தார். பின்னால் யாரும் இல்லை.

"உன்னத்தான்."

அழுக்குத் துணி சுற்றிய கையை மாப்பிள்ளை நீட்டினார்.   அத்தை துணியை அவிழ்த்து, முட்டியைப் பார்த்து, "காலைலேர்ந்து இத வச்சுக்கிட்டா இருந்த?" என்று கடிந்துகொண்டு மருந்தை வைத்தார்.

"எரியுது," என்றார் மாப்பிள்ளை. மாதிரியும் இல்லை, பொறுத்தவரைக்கும் இல்லை.

"எரியும். ஆட்டாத. பிடி."

மாப்பிள்ளை ஆட்டாமல் பிடித்துக்கொண்டார். அத்தை விடு என்று சொல்லும்வரை அப்படியே நிற்பதாக இருந்தார். அத்தை கட்டுப் போட்டு முடித்த பிறகும் கொஞ்ச நேரம் சொல்லவில்லை.